கருநாக்கு உலும்ஜி

அந்தப் பேப்பரைக் கொஞ்சம் மடிச்சு வைங்க தம்பி. படிக்க வேணாம்னு சொல்லல. அந்த மூஞ்சி என்னையே பாக்குது, அதான். எங்க ஊர் எலிஸ்தா போய்ச் சேர இன்னும் ஏகப்பட்ட தூரம் கிடக்கு. அது வரைக்கும் அந்த மூஞ்சிக்கு எதிர்ல உக்காந்து வர என்னால ஆகாது.

தெரியுமாவா? நல்லா கேட்டீங்க போங்க! உலும்ஜியை எனக்குத் தெரியுமாவா? ஒரே நாடகக் குழு, ஒரே பஸ், ஒரே மேக்கப் கண்ணாடி. அவன் குறட்டைச் சத்தத்துலதான் என் பாதி ஆயுசு போச்சு. என்ன போட்டிருக்காங்க பாருங்க. "கல்மீக் மேடையின் சிகரம், எண்பதாவது பிறந்தநாள்." சிகரமாம்! சன்னல் வழியாப் பாருங்க, இந்தப் புல்வெளியில கண்ணுக்கெட்டின தூரம் ஒரு மேடு உண்டா? இவன் மட்டும் எங்கிருந்து சிகரமா முளைச்சான்? அதை எழுதின பொண்ணு என்கிட்டயும் போன்ல பேசினா. தொண்டை வத்தற அளவுக்குச் சொன்னேன். ஒரு வரி போடல. "சக நடிகர்கள்"னு ஒரு இடத்துல வருது பாருங்க, அந்தக் கூட்டத்துல ஒருத்தன்தான் நான்.

நிம்கிர்னு கேள்விப்பட்டிருக்கீங்களா? இல்லையா. சரி, விடுங்க. நீங்க வோல்கோகிராத் ஆளு, ரஷ்யன். எங்க கல்மீக் ஜனங்க நாடகமெல்லாம் உங்களுக்கு எங்க தெரியப்போகுது. அந்தக் காலத்துல கதாநாயகன்னா நான்தான். குதிரையில வர்ற வீரன் நான், காதலிக்கிறவன் நான், கடைசிக் காட்சியில மார்புல அம்பு பட்டு, ரெண்டு பாட்டுப் பாடிட்டுச் சாகறவன் நான். உலும்ஜி யாரு? கிழவன் வேஷம். இருபத்தெட்டு வயசுலயே கிழவன் வேஷம். முகத்துல அவ்வளவு வசீகரம்!

ஒரு நாடகம் போட்டோம். ஒரு குதிரை மேய்க்கிற கிழவன். அவன் குதிரைகளை ஒரு பிரபு பிடுங்கிட்டுப் போயிடறான், மகனைக் கொன்னுடறான். மகன் நான். நான் செத்துக் கிடக்கறேன், கிழவன் எழுந்து நின்னு பிரபுவைச் சபிக்கிறான். அவ்வளவுதான் காட்சி. ஒரு பக்கம் கூட வராது. எங்க இயக்குநர் அர்ஷா அதை இவன்கிட்ட கொடுத்தாரு.

இங்க ஒரு விஷயம் சொல்லணும், இல்லாட்டி உங்களுக்குப் புரியாது. எங்க ஜனங்களுக்குச் சொல்லுன்னா விளையாட்டு இல்ல. நல்ல சொல்லு பலிக்கும், கெட்ட சொல்லு அதுக்கு முந்திப் பலிக்கும். கல்யாணமோ, குழந்தை பொறந்ததோ, புது வீடோ, ஒரு பெரியவர் கையில கிண்ணத்தோட எழுந்து ஆசி சொல்லணும். சுத்தி இருக்கறவங்க அத்தனை பேரும் சேர்ந்து "அப்படியே ஆகட்டும்"னு சொல்லணும். அவங்க சொன்னாத்தான் அந்த ஆசி நிக்கும். இல்லாட்டி அது வெறும் காத்து. அதே மாதிரி, வாயால சாபம் விட்டவனை எங்க ஆளுங்க கருநாக்குக்காரன்னு ஒதுக்கிடுவாங்க. படிச்சவன், படிக்காதவன், கட்சி உறுப்பினர், எல்லாரும்தான்.

முதல் ஆட்டம் ஒரு கூட்டுப் பண்ணையில. பண்ணைத் தலைவர் முன் வரிசையில, தொப்பையைத் தூக்கி மடியில வெச்சுக்கிட்டு உக்காந்திருக்காரு. இந்தப் பைத்தியக்காரன் வசனத்தைப் பிரபு வேஷக்காரனைப் பாத்துச் சொல்ல வேண்டியதுதானே? நேரா முன் வரிசையைப் பாத்துச் சொன்னான். அடுத்த வாரம் தலைவர் மோட்டார் சைக்கிள்ல இருந்து விழுந்து காலை ஒடிச்சுக்கிட்டாரு. குடிச்சிட்டு ஓட்டினா விழாம பறக்கவா செய்வான்? அன்னிக்கு எல்லாரும் டீ குடிச்சிட்டு இருக்கோம். நான் சும்மா, சிரிக்கறதுக்காக, "உலும்ஜி நாக்கைத் தூக்கிக் காட்டச் சொல்லுங்கடா, அடியில கறுப்பா இருக்கு"ன்னேன். எல்லாரும் விழுந்து விழுந்து சிரிச்சாங்க. அவனும் சிரிச்சான். நாங்க அடுத்த ஊருக்குப் போய்ச் சேர்றதுக்குள்ள அந்தப் பேச்சு எங்களுக்கு முந்திப் போய்ச் சேர்ந்துருச்சு. ஊர் வாயை மூட உலைமூடி ஏது தம்பி?

அதுல இருந்து கூத்துதான். கொட்டகை நிரம்பி வழியும், முதல் ரெண்டு வரிசை மட்டும் காலி. சுவரோரமா நின்னு பாப்பாங்க, முன்னாடி மட்டும் வர மாட்டாங்க. வெளியூர் அதிகாரி எவனாவது விவரம் தெரியாம முன்னாடி உக்காருவான், பாவம். சாபக் காட்சி வந்தா பொம்பளைங்க குழந்தைகளை வெளிய தூக்கிட்டுப் போயிடுவாங்க. ஆனா கிழவிங்க போக மாட்டாங்க. உக்காந்து அழுவாங்க. விம்மி விம்மி. எனக்கு அதுதான் புரியல. பாட்டுப் பாடிச் செத்தவன் நான் அங்க தரையில கிடக்கறேன், என்னைப் பாத்து ஒரு சொட்டு இல்ல. குதிரைத் திருடனை ஒருத்தன் திட்டறான், அதுக்கு இவ்வளவு அழுகையா?

ஒரு தடவை அவன்கிட்டயே கேட்டேன். "என்னடா பண்ற அங்க?" அவன் சொன்னான், "நான் ஒண்ணும் பண்ணல நிம்கிர். ரயில்ல ஒரு அம்மா கத்தினா. அதைத்தான் திருப்பிச் சொல்றேன்." போர்க் காலத்துல எங்க ஜனங்களை மொத்தமா நாடு கடத்தி, மாடு ஏத்தற ரயில் பெட்டியில சைபீரியாவுக்கு அனுப்பின கதை உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும். அப்பல்லாம் அதை வாய்விட்டுப் பேசக்கூடாது. வழியில செத்த குழந்தையைச் சிப்பாய்ங்க பனியில தூக்கிப் போட்டாங்களாம், அந்த அம்மா கத்தினாளாம், இவன் அஞ்சு வயசுல பாத்துட்டு இருந்தானாம். சரி, நாங்க எல்லாரும்தான் போனோம். நானும் அஞ்சு வயசுலதான் போனேன். நான் அங்க பாட்டுக் கத்துக்கிட்டேன். அவனவன் புத்தி எங்க போகுதோ அதைத்தானே பொறுக்குவான்?

சரி, விஷயத்துக்கு வர்றேன். இவனுக்குப் பொண்டாட்டி சீக்கிரமே போயிட்டா. ஒரே பொண்ணு, அல்தா. ஊர் ஊரா போற பஸ்லயே வளர்ந்த பொண்ணு. கல்யாணம் காட்சின்னா குழுவுல என்னைத்தான் ஆசி சொல்லக் கூப்பிடுவாங்க. கதாநாயகன் இல்லையா! நல்லா தாளக்கட்டா ஒரு ஆசி வெச்சிருப்பேன், எல்லாருக்கும் அதேதான், பேரை மட்டும் மாத்திக்குவேன். உலும்ஜியை ஒருத்தரும் கூப்பிட்டதில்ல. வாசல்ல நின்னு கை குலுக்கி அனுப்பிடுவாங்க. அவனும் திரும்பி வந்துடுவான். ஒரே ஒரு தடவை என்கிட்ட சொன்னான், "எவன் கூப்பிடாட்டியும் போகட்டும்டா. என் பொண்ணு கல்யாணத்துல நான் சொல்லுவேன். அதை மட்டும் சொல்லிட்டாப் போதும்." ஆசையைப் பாருங்க!

மாப்பிள்ளை வீட்ல இருந்து பேச வந்தாங்க. மாப்பிள்ளையோட அம்மா, போஸ்யா. ஆட்டுப் பண்ணையில முந்நூறு ஆட்டையும் ரெண்டு நாயையும் ஒரு புருஷனையும் ஒரே குரல்ல மேய்க்கிறவ. பொண்ணு வீட்டுப் பக்கம் பெரியவங்கன்னு யாரும் இல்ல, அதனால நான் உக்காந்திருந்தேன். உலும்ஜி உப்புப் போட்டு வெண்ணெய் மிதக்க டீ ஊத்திக் கொடுத்தான். அவ கிண்ணத்தைக் கையில வாங்கினா, குடிக்கல.

"பொண்ணு தங்கம். எனக்குக் குறையில்ல. ஆனா ஒண்ணு. கல்யாணத்துல நீங்க வாய் திறக்கக் கூடாது."

"அது நாடகத்துல பேசறதும்மா" அப்படின்னான் இவன்.

"நாடகமோ, நிசமோ, வெளிய வந்த சொல்லு வந்ததுதான். என் மகன் தலையில உங்க சொல்லு விழக்கூடாது."

"என் பொண்ணும்மா. அவளை நான் வெறும் வாயோட எப்படி அனுப்புவேன்?"

அவ கிண்ணத்தைக் கையில ஒரு சுத்துச் சுத்தினா. அப்புறம் சொன்னா, "கயிறு அறுத்துக்குங்க. அந்த வேஷத்தை விட்டுடுங்க. ரெண்டும் செஞ்சா ஆசி சொல்லுங்க, நான் தடுக்கல. ஆனா அறுத்ததுக்குச் சாட்சி வேணும். இதோ, நிம்கிர் அண்ணன் வந்து சொல்லட்டும்." அப்படிச் சொல்லிட்டு டீயைக் குடிச்சா.

கயிறு அறுக்கறதுன்னா, கருநாக்கை அறுக்கற சடங்கு. நாங்க புத்த மதம், ஆனா அந்த சோவியத் காலத்துல லாமாவே கிடையாது, கோயிலே கிடையாது, எல்லாம் திருட்டுத்தனம். ஒரு பழைய லாமா தானியக் கிடங்குல காவல்காரனா இருந்தாரு, அவர்கிட்ட போனோம். கறுப்புக் கம்பளி நூலையும் வெள்ளைக் கம்பளி நூலையும் சேர்த்துக் கயிறா முறுக்கி, இவன் கழுத்துல போட்டுக் கால் வரைக்கும் தொங்க விட்டாரு. மந்திரம் சொல்லிச் சொல்லிக் கத்தரியால துண்டு துண்டா நறுக்கி நெருப்புல போட்டாரு. "சொன்ன கெட்ட சொல்லையெல்லாம் நினைச்சுக்க"ன்னாரு. இவன் கண்ணை மூடிக்கிட்டு அழறான். நான் கோணிப்பை மேல உக்காந்து பல்லைக் குத்திட்டு இருந்தேன். முடிச்சதும் லாமா சொன்னாரு, "இனி அந்த வசனம் உன் வாயில வரக்கூடாது. வந்தா அறுத்ததெல்லாம் திரும்ப ஒட்டிக்கும்."

இதுல வேடிக்கை என்னன்னா, அடுத்த மாசம் மாஸ்கோவுல நாடக விழா. எங்க குழுவைக் கூப்பிட்டதே அந்தச் சாபக் காட்சிக்காகத்தான். இவனுக்குப் பட்டம் வரப்போகுதுன்னு பேச்சு. போய் அர்ஷாகிட்ட, "நான் அந்த வேஷம் போட மாட்டேன்"னு நிக்கிறான்! அர்ஷா நாற்காலியைத் தூக்கி எறிஞ்சாரு. "ஒரு ஆட்டுக்காரிக்காகவா? பிழைக்கத் தெரியாதவனே!"ன்னு கத்தினாரு. நானும் சொன்னேன், "மாஸ்கோ முடிஞ்சு கயிறு அறுத்திருக்கலாமேடா." அவன் கேக்கல. பஸ்ல சன்னலோரமா உக்காந்து எதையோ முணுமுணுத்துட்டே வருவான். என்னடான்னு எட்டிப் பாத்தா, ஆசி! மகளுக்குச் சொல்ற ஆசியை உருப்போடறான். ஒரு நாள் ஒரு வரி சேர்ப்பான், மறுநாள் அதை எடுத்துடுவான். வசனத்துக்குக் கூட அவன் அப்படிப் பாடுபட்டதில்ல.

வேஷம் எனக்கு வந்துச்சு. வேற யாரு இருக்கா? மாஸ்கோவுல போட்டோம், கை தட்டினாங்க. ஆமா, தட்டினாங்க. மாஸ்கோக்காரன் நாகரிகம் தெரிஞ்சவன், எல்லாத்துக்கும் தட்டுவான். ஊருக்கு வந்து போட்டோம். நான் முடியைப் பிச்சுக்கிட்டுச் சபிக்கிறேன், முன் வரிசையில ஒருத்தன் சூரியகாந்தி விதையைக் கொறிச்சுத் துப்பிட்டு உக்காந்திருக்கான். எனக்கு வந்துச்சே கோபம்! அவனையே பாத்து மூணு தடவை சபிச்சேன், அர்ஷா எழுதாததையும் சேர்த்து. அடுத்த வாரம் அவனுக்கு லாட்டரியில மோட்டார் சைக்கிள் விழுந்துச்சு. சிரிக்காதீங்க தம்பி. அதுக்கப்புறம் முன் வரிசைக்கு அடிதடி. "நிம்கிர் அண்ணே, என்னைப் பாத்து ரெண்டு வார்த்தை திட்டுங்க"ன்னு வந்து நிக்கறானுங்க. இதெல்லாம் ரசனையா?

இவன் என்ன செஞ்சான்னு கேளுங்க. அதே நாடகத்துல பிரபு வீட்டு வேலைக்காரன் வேஷம் கேட்டு வாங்கிக்கிட்டான். வசனமே இல்லாத வேஷம். கதவைத் திறப்பான், தலை குனிஞ்சு நிப்பான், கதவை மூடுவான். நான் இங்க பக்கம் பக்கமாப் பேசறேன், ஜனங்க கதவையே பாத்துட்டு இருக்குது. இதைத்தான் இந்தப் பேப்பர்ப் பொண்ணு "மௌனத்தின் உச்சம்"னு எழுதியிருக்கா. கதவு திறக்கறதுல என்னய்யா உச்சம்?

கல்யாணத்துக்கு ரெண்டு நாள் முன்னால போஸ்யா என்னைப் பாக்க வந்தா. சாட்சி கேக்கறா. "அறுத்தாச்சா அண்ணே? உங்க கண்ணால பாத்தீங்களா?" நான், இந்த வாய் சும்மா இருக்குமா, ஒரு சிரிப்புக்காகச் சொன்னேன்: "கயிறை அறுத்தாரும்மா, பாத்தேன். நாக்கை யாரு பாத்தா?" அவ சிரிக்கல. அந்தப் பொம்பளைக்கு நகைச்சுவைன்னா என்னன்னே தெரியாது. மூஞ்சி இறுகிப் போச்சு. "அப்ப நீங்களே ஆசி சொல்லிடுங்க"ன்னா. கூப்பிட்டாங்க, நான் சரின்னேன். கல்யாண வீட்ல கூப்பிட்டா முடியாதுன்னு சொல்றது மரியாதையா? நீங்களே சொல்லுங்க.

கல்யாண நாள் அவன் வீட்ல கூட்டம். மாப்பிள்ளை வீட்டுக்காரங்க வேகவெச்ச ஆட்டுக்கறி, இனிப்பு, சாராயம் எல்லாம் கொண்டாந்து இறக்கிட்டாங்க. எங்க வழக்கப்படி பொண்ணோட அப்பன் மாப்பிள்ளை வீட்டு விருந்துக்குப் போக மாட்டான். ஆசின்னா இங்க, இந்த வீட்ல, அவ கிளம்பறதுக்குள்ள சொல்லியாகணும். உலும்ஜி புதுச் சட்டை போட்டு, கையில கிண்ணத்தோட தயாரா நிக்கிறான். உதடு அசைஞ்சுக்கிட்டே இருக்கு. போஸ்யா சத்தமா, "நிம்கிர் அண்ணே, ஆசி சொல்லுங்க"ன்னா. இவன் என்னைப் பாத்தான். எனக்கென்ன பயம்? நான் எழுந்து என் ஆசியைச் சொன்னேன். ஆடு மாடு பெருகட்டும், பிள்ளை குட்டி பெருகட்டும், தாளக்கட்டா, ஒரு இடம் தட்டாம. எல்லாரும் "அப்படியே ஆகட்டும்"னாங்க. நான் உக்காந்து கறியை எடுத்தேன்.

பொண்ணைக் கிளப்பினாங்க. தலையில இருந்து முகம் மறைய துணி போட்டு, ரெண்டு பக்கமும் பொம்பளைங்க பிடிச்சுக் கூட்டிட்டு வந்தாங்க. எங்க ஊர்ல கிளம்பற பொண்ணு அப்பன் வீட்டு வாசப்படி தாண்டற வரைக்கும் பேசக்கூடாது, அது கண்டிப்பு. இவன் கிண்ணத்தோட வாசல்ல போய் நின்னுட்டான். போஸ்யா, "வேணாம்"ங்கறா. மாப்பிள்ளை தன் அம்மா கையைப் பிடிக்கிறான். இவன் வாயைத் திறந்தான். அத்தனை நாள் உருப்போட்டானே, அவ்வளவும் வரப்போகுதுன்னு நினைச்சேன். ஒண்ணும் வரல. அந்த இடிமுழக்கமும் வரல. சாதாரணமா, ஒரே ஒரு வரி சொன்னான்:

"போற வீட்ல உன் சிரிப்புச் சத்தம் கேக்கணும் கண்ணு."

ஒருத்தர் வாய் திறக்கல. வீடு நிறைய ஆளுங்க தம்பி, அத்தனை பேரும் உதட்டை மடிச்சுக்கிட்டு நிக்கறாங்க. ஆசி சொன்னவன் டீக் கிண்ணத்தை நீட்டிக்கிட்டே நிக்கிறான். நான் பக்கத்துலதான் இருந்தேன். நான் சொல்லியிருக்கலாம்னு அர்ஷா பின்னால என்னைப் பேசினாரு. வாயில கறி இருந்துச்சு, எப்படிச் சொல்றது?

அப்பத்தான் அந்தப் பொண்ணு ஒரு காரியம் செஞ்சா. துணிக்கு உள்ள இருந்து, வாசப்படி தாண்டாம, கல்யாணப் பொண்ணு, வாயைத் திறந்து "அப்படியே ஆகட்டும்!"னா. சொன்னாளா? முழங்கினா! சுவத்துல மாட்டியிருந்த கண்ணாடி அதிர்ந்துச்சு. அது யாரோட தொண்டைன்னு கேக்கணுமா? வளர்ப்பைப் பாருங்க. எந்த வீட்ல எந்தப் பொண்ணு அப்படி வாய் திறந்திருக்கா? நான் போஸ்யாவைப் பாத்தேன், இதோ கல்யாணம் நின்னுச்சுன்னு நினைச்சேன். அவ மருமகளையே வெறிச்சுப் பாத்தா. உலும்ஜியைப் பாத்தா. அப்புறம் உக்காந்திருந்த இடத்துல இருந்து, அந்தப் பெரிய உடம்பைத் தூக்கிக்கிட்டு எழுந்தா. "அப்படியே ஆகட்டும்"னா. பின்னாடியே கிழவிங்க எழுந்தாங்க. அப்புறம் எல்லாரும். என் வாயும் சேர்ந்து சொல்லிடுச்சு, பழக்க தோஷம்.

எனக்கு இன்னிக்கும் ஆறல தம்பி. அன்னிக்கு முழு ஆசி சொன்னவன் நான். தாளக்கட்டோட சொன்னவன் நான். எனக்குக் கறியை மென்னுக்கிட்டே சொன்னாங்க. அவனுக்கு எழுந்து நின்னு சொன்னாங்க. அத்தனை கல்யாணத்துல நான் ஆசி சொல்லியிருக்கேன், ஒருத்தர், ஒரே ஒருத்தர், எனக்காக எழுந்ததில்ல.